பூவிருந்தவல்லியும் தேவராசனும்

கோ என்பது அரசன். கோயில் அவன் இல்லம். இறைவனை வேந்தனாகக் கண்ட இம்மரபைப் பூவிருந்தவல்லியில் பிறந்த திருக்கச்சி நம்பியின் வாழ்வு தெளிவுறுத்தும். 11ஆம் நூற்றாண்டினரான அவர் காஞ்சி வரதராசருக்கு ஆலவட்டம் வீசினார். அது அரசர்க்குரிய பணி. காவிரிக் குளிர்ச்சியால் அரங்கனும் மலைக்குளிரால் வேங்கடவனும் வேண்டாவென, வேள்வித்தீயில் தோன்றிய வரதனே அதனை ஏற்றான் என்பர். அவர் இயற்றிய வடமொழித் துதியும் தேவராசாட்டகமே.

13ஆம் நூற்றாண்டில் எசுப்பானியாவில் செழித்த யூதரின் கபாலா மறைஞானத்தில், பத்தாம் நிலையாகிய ‘மல்கூத்’ இறையரசைக் குறிக்கும். அதற்குத் தன்னொளி இல்லை; மேலிருந்து பெற்றதை உலகுக்கு ஈவது. அங்கு அரசாட்சி இறைமையின் உட்கூறு. இங்கோ அரசனுக்கு வெப்பமும் உண்டு, விசிறியும் வேண்டும்! எனினும் இறைமொழி இறங்கும் வாயில் எது என்பதே வினா. இராமானுசரின் ஐயங்கட்கு வரதன் அளித்த ஆறு வார்த்தைகள் வந்தது, வேதியர் வாயிலாக அன்று. வணிகர் குடிப் பிறந்த இந்நம்பி வாயிலாகவே என்கிறது குருபரம்பரை.