பட்ரிசியா ரொசாரியோ

பட்ரிசியா ரொசாரியோ (பிறப்பு: 1960, மும்பை) இந்தியாவில் பிறந்து இங்கிலாந்தில் புகழ் பெற்ற ஒப்பேராப் பாடகி ஆவார். இவரது குரல், பெண் குரல்களுள் மிக உயர்ந்ததான சொப்ரானோ வகையைச் சேர்ந்தது.

ஒப்பேராவும் குரலும்

ஒப்பேரா என்பது ஐரோப்பிய இசை நாடகம் ஆகும். சங்கரதாஸ் சுவாமிகள் காலத்துத் தமிழ் நாடக நடிகர்களைப் போலவே ஒப்பேராப் பாடகர்களும் ஒலிபெருக்கியின்றிப் பாடுவது மரபு. பெரிய இசைக்குழுவின் ஒலியைக் கடந்து கடைசி வரிசை வரை குரல் எட்ட வேண்டும். இதற்குப் பல ஆண்டுப் பயிற்சி தேவை.

இசை வாழ்க்கை

கோவாவைப் பூர்வீகமாகக் கொண்ட ரொசாரியோ, இலண்டன் கில்ட்ஹால் இசை, நாடகப் பள்ளியில் பயின்று தங்கப் பதக்கம் பெற்றார். ஆங்கிலேய இசையமைப்பாளர் ஜான் டாவனர் (1944–2013) இவரது குரலுக்கெனவே 30க்கும் மேற்பட்ட படைப்புகளை இயற்றினார். 1992இல் அரங்கேறிய டாவனரின் "எகிப்தின் மரியாள்" ஒப்பேராவில் தலைமைப் பாத்திரத்தை ஏற்றுப் பாடினார். 2003இல் இலண்டன் டெம்பிள் தேவாலயத்தில் இரவு முழுவதும், ஏறத்தாழ 7 மணி நேரம் நிகழ்ந்த "ஆலயத்தின் திரை" படைப்பிலும் தனிக்குரல் பாடினார். 2001இல் பிரித்தானிய அரசின் ஓ.பி.ஈ. விருது பெற்றார். இலண்டன் அரச இசைக் கல்லூரியில் பேராசிரியராகப் பணியாற்றியுள்ளார்.

இந்தியாவில் பணி

ரொசாரியோ இளமையில் இப்பயிற்சிக்காக நாட்டை விட்டுச் செல்ல நேர்ந்தது. இந்தியாவில் நல்ல குரல்வளம் உடையோர் பலர் இருந்தும், ஒப்பேராக் குரற்பயிற்சி அளிக்கும் ஆசிரியர்கள் மிகச் சிலரே. இக்குறையைப் போக்க, கணவரும் பியானோ கலைஞருமான மார்க் துரூப்புடன் இணைந்து 2009இல் "இந்தியாவுக்குக் குரல் அளித்தல்" என்னும் பொருள்படும் திட்டத்தைத் தொடங்கினார். இதன் வழியாக இந்திய மாணவர்களுக்குத் தாமே நேரில் வந்து கற்பித்தார்.