றப்பருக்கு அரிசி

களுத்துறைப் பக்கத்து றப்பர் தோட்டமொன்றில் என் அப்பாயி பால் வெட்டினார். விடியுமுன் மரத்தைச் சீவி, சிரட்டையில் சொட்டிய பாலை வாளியில் சேர்த்துச் சுமப்பார். அது ஷீட்டாகி, புகையில் காய்ந்து, கப்பலேறும்.

இலங்கையின் வயல்கள் நாட்டுக்குப் போதவில்லை. தேயிலையும் றப்பரும் விற்றுத்தான் சோறு. கொரியப் போர்க்காலத்தில் அரிசி விலை ஏறியது. றப்பர் விலையோ 1952இல் சரிந்து கிடந்தது. சீனாவுக்கு றப்பர் விற்க ஐ.நா. தடை இருந்தது; இலங்கை அப்போது ஐ.நா. உறுப்பினரே இல்லை. 1952 டிசம்பரில் பீஜிங்கில் சீனாவுடன் ஒப்பந்தம் கையெழுத்தானது: ஐந்தாண்டுக்கு, ஆண்டுக்கு 50,000 தொன் றப்பர் போகும், 2,70,000 தொன் அரிசி வரும். சந்தை விலையைவிடக் கூடுதலாகவே சீனா கொடுத்தது. இதனால் அமெரிக்கா இலங்கைக்கு உதவி மறுத்தது. சிறிய நாடொன்று அதற்குப் பணியாதது பெரிய காரியம்தான்.

ஆனாலும் 1953இல் அரசு கூப்பனுக்குக் கொடுத்த அரிசியின் விலை 25 சதத்திலிருந்து 70 சதமானது. அதை எதிர்த்து ஆகஸ்டில் ஹர்த்தால் நடந்தது; பின்னர் பிரதமர் டட்லி சேனாநாயக்க பதவி விலகினார்.

அந்த றப்பரை வெட்டிய தோட்டத் தமிழரில் பெரும்பாலோர் 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தால் குடியுரிமை இழந்தவர்கள். ஒப்பந்தத்தின் வரலாற்றை எழுதுவோர் அவர்களையும் சேர்த்து எழுதவேண்டும்.