நாற்றங்கால் நம்முடையது!

முத்துப்பேட்டையில் தெருவுக்கு நாலு சபுராளி வீடு இருக்கும். கத்தார், மலேசியா என்றால் அந்த ஊர்க்காரர்களுக்கு ஏதோ அடுத்த தெரு மாதிரி! ஆனால், அதே கத்தாரிலும் மலேசியாவிலும் நம்ம நாட்டுக் கம்பெனியின் பெயரைத் தாங்கிய பந்தய பைக்குகள் சீறிப் பாய்ந்த கதை அவர்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? கோலாலம்பூர் ஏர்போர்ட்டுக்குப் பக்கத்திலேயேதான் இருக்கிறது செபாங் பந்தய மைதானம். அங்கே ஒரு இந்திய டீம் ஜெயித்தது. பிறகு, ஒரே வருஷத்தில் கடையைக் கட்டியது. மொத்த ஆயுள், ஏழே வருஷம்!

கதை 2011-ல் ஆரம்பிக்கிறது. மோட்டார் சைக்கிள் உலகக் கோப்பைப் பந்தயத்தின் 125 சிசி பிரிவில், அந்த வருஷம் இரண்டு இந்தியப் பெயர்கள் நுழைந்தன. ஒன்று, சென்னையைச் சேர்ந்த 'டென்10 ரேசிங்'. இத்தாலிக்காரர்களோடு கூட்டுச் சேர்ந்து, நம்ம சென்னைப் பையன் எஸ்.சரத்குமாரை (நடிகர் இல்லீங்க!) களத்தில் இறக்கினார்கள். பாவம், சீசன் முடியும்வரைகூட அவரால் நீடிக்க முடியவில்லை.

இன்னொன்று, மஹிந்திரா. ஆமாம், டிராக்டரும் ஜீப்பும் செய்கிற அதே மஹிந்திராதான்! 2008-ல் கைனடிக் கம்பெனியின் ஸ்கூட்டர் தொழிலை வாங்கியவர்கள், அடுத்த மூணு வருஷத்தில் உலகப் பந்தயத்துக்கே போய்விட்டார்கள். 'டிராக்டர்காரனுக்கு ரேஸ் எதுக்கு?' என்று சிரித்தவர்கள் உண்டு. அந்த வருஷத்தின் கடைசிப் பந்தயத்தில், ஸ்பெயினின் வாலென்சியாவில், மஹிந்திரா வீரர் டேனி வெப் முதல் இடத்திலிருந்து புறப்படும் தகுதியைப் பெற்றார்!

2012-ல் விதிகள் மாறின. 125 சிசி பிரிவை மூடிவிட்டு, 250 சிசி 'மோட்டோ3' கொண்டுவந்தார்கள். மஹிந்திராவின் புது வண்டி படுத்தே விட்டது. எதிரே நிற்பதோ ஹோண்டா, கேடிஎம். வேறு யாராவது என்றால் மூட்டை கட்டியிருப்பார்கள். இவர்கள் சுவிட்சர்லாந்தின் சூட்டர் நிறுவனத்தோடு சேர்ந்து, வண்டியை முதலிலிருந்து செய்தார்கள். 2013 அக்டோபர் 13, செபாங். 18 வயது போர்ச்சுகல் பையன் மிகேல் ஒலிவேரா மூன்றாவதாக வந்தார். மஹிந்திராவுக்கு முதல் முறையாக வெற்றி மேடை!

அடுத்து, 2015-ல் ஸ்பெயினின் அஸ்பார் டீமிடம் வண்டிகளைக் கொடுத்தார்கள். அங்கே இரண்டு பொடியன்கள்... இத்தாலியின் பிரான்செஸ்கோ பன்யாயா, ஸ்பெயினின் ஹோர்ஹே மார்ட்டின். 2016 ஜூன் 26 அன்று, நெதர்லாந்தின் அஸ்ஸென் நகரில், 19 வயது பன்யாயா முதலாவதாக வந்தார். மஹிந்திராவின் முதல் வெற்றி! ஆகஸ்ட்டில் செக் நாட்டின் பிர்னோவில் கொட்டும் மழை. ஜான் மெக்ஃபீ முதலிடம், மார்ட்டின் இரண்டாமிடம். மெக்ஃபீயின் வண்டியில் பியூஷோ என்று எழுதியிருந்ததே தவிர, உள்ளே இருந்தது மஹிந்திராதான். அக்டோபர் 30, மறுபடி செபாங். மறுபடி பன்யாயா!

சரி, இனிமேல்தானே அறுவடை? அதுதான் இல்லை. 2017 சீசனோடு மஹிந்திரா விலகிக்கொண்டது. கடையில் அவர்களுடைய இருசக்கர வண்டிகள் சரியாக விற்கவில்லை. இனி மின்சாரக் கார் பந்தயமே போதும் என்று முடிவு செய்துவிட்டார்கள். கணக்குப் புத்தகத்தைப் பார்த்தால், குறை சொல்ல முடியாது.

ஆனால், அப்புறம் நடந்ததைக் கேளுங்கள். பெரிய வண்டிகள் ஓடும் 'மோட்டோஜிபி'யில் 2022, 2023 உலக சாம்பியன், பன்யாயா. 2024 உலக சாம்பியன், மார்ட்டின். தொடர்ந்து மூன்று பட்டங்களும் மஹிந்திராவில் ஒன்றாகப் பழகிய இரண்டு பையன்களுக்கு! ஓட்டியதோ, இத்தாலியின் டுகாட்டி வண்டியை.

முத்துப்பேட்டைப் பக்கம் விவசாயம் தெரிந்தவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். நாற்றங்கால் நம்முடையது. நாற்றைப் பிடுங்கிக்கொண்டுபோய் நட்டது அடுத்தவன் வயலில். நெல்லும் அவன் வீட்டுக்கே போச்சு!

ஒன்று மட்டும் உறுத்துகிறது. மஹிந்திரா வண்டியோடு வெற்றி மேடை ஏறியவர்களில் ஒரு இந்தியப் பையன்கூட இல்லை. விதையாவது நம்முடையதாக இருந்திருக்கலாமே!