குறை எண்ணுக்கு மூலம் உண்டோ?

எண்ணும் எழுத்தும் இரு கண்கள் எனப் போற்றி வந்தது தமிழ் மரபு. எழுத்தின் பெருமையைக் கூறும் கட்டுரைகள் ஆண்டு மலர்தோறும் வருகின்றன. எண்ணைப் பற்றி எழுதுவார் அரியர். ஆதலின், பள்ளிப் பிள்ளைகளை இன்றும் மருட்டிவரும் ஓர் எண்ணின் வரலாற்றை இம்மலரில் கூற முற்படுகின்றோம். குறை எண்ணின் வர்க்கமூலமே அது.

9இன் வர்க்கமூலம் 3 என்பதை யாவரும் அறிவர். −3ஐ −3ஆல் பெருக்கினும் 9 என்றே வரும். மிகையின் வர்க்கமும் மிகை. குறையின் வர்க்கமும் மிகை. அங்ஙனமாயின், −9 என்பது எவ்வெண்ணின் வர்க்கம்?

கி.பி. 628இல் பிரம்மகுப்தர், மிகையைச் செல்வமாகவும் குறையைக் கடனாகவும் கொண்டு, கடனைக் கடனால் பெருக்கச் செல்வமே விளையும் என விதி வகுத்தார். அவ்விதியிலிருந்து எழும் இவ்வினாவுக்குத் தெளிவாக விடையிறுத்தவர் 9ஆம் நூற்றாண்டினரான மகாவீரர் என்னும் சமணப் பேரறிஞர். குறை எண் தன் இயல்பினாலேயே வர்க்கம் ஆகாது. ஆகவே அதற்கு வர்க்கமூலம் இல்லை என்று 'கணித சார சங்கிரகம்' என்னும் தம் வடமொழி நூலில் அவர் உரைத்தார். 1150இல் பாஸ்கரரும் தம் பீஜகணிதத்தில் இக்கருத்தையே வலியுறுத்தினார்.

மகாவீரர் நமக்கு அயலார் அல்லர். அவர் தம் நூலிற் போற்றும் மன்னன் இராட்டிரகூட அமோகவர்ஷன். அம்மன்னனின் தலைநகர் மானியகேடம், இன்றைய மால்கேட். செகந்தராபாத்திலிருந்து வாடி செல்லும் இருப்புப்பாதையில் அவ்வூர்ப் பெயரால் ஒரு நிலையமே உண்டு. 1956 வரை அவ்வூர் ஐதராபாத் இராச்சியத்தில் அடங்கியிருந்தது. அந்நூலைத் தெலுங்கில் ஆக்கித் தந்தவர் பாவுலூரி மல்லனர். பின்னர், சென்னை மாநிலக் கல்லூரிப் பேராசிரியர் மு. ரங்காசாரியார் அதனைப் பதிப்பித்து ஆங்கிலத்தில் பெயர்க்க, 1912இல் சென்னை அரசாங்கம் வெளியிட்டது. தக்காணத்தில் தோன்றி, தெலுங்கில் வளர்ந்து, சென்னையில் அச்சேறிய நூல் அது!

'இல்லை' என்ற இடத்தில் மீண்டும் கதவைத் தட்டியவர்கள் இத்தாலியர். 10ஐ இரு கூறாக்கி, அவற்றின் பெருக்கம் 40 ஆகுமாறு செய்க என்னும் கணக்கை 1545இல் கார்டானோ ஆராய்ந்தார். 5 + √−15, 5 − √−15 என்பன விடையாயின. அவற்றைக் கண்ட அவரே அவை பயனற்றவை என எண்ணினார். 1572இல் பொம்பெல்லி மேலும் ஓரடி சென்றார். ஓர் எண்ணின் கனம், அவ்வெண்ணின் 15 மடங்கோடு 4ஐக் கூட்டியதற்குச் சமம், அவ்வெண் யாது? 4 என்பது வெளிப்படை: 64 = 60 + 4. ஆனால் கார்டானோவின் சூத்திர வழியே சென்றால் √−121 குறுக்கிடும். பொம்பெல்லி அஞ்சாது அதனை 11√−1 எனக் கொண்டார். 2 + √−1இன் கனம் 2 + 11√−1 எனக் கண்டார். இணையான 2 − √−1உடன் அதனைக் கூட்ட, √−1 மறைந்து 4 எஞ்சிற்று. இல்லாத எண்ணின் வழியே உள்ள விடை கிடைத்தது!

ஈண்டு மாணவர் மனங்கொள்ள வேண்டிய விதி ஒன்று உண்டு. √−4ஐ √−9ஆல் பெருக்குவோர், குறிகளை முதலிற் பெருக்கி √36 = 6 என்று எழுதிவிடுகின்றனர். அது பிழை. முதலில் √−1ஐப் பிரித்தெடுத்தல் வேண்டும்: 2√−1 × 3√−1. √−1இன் வர்க்கம் −1 ஆதலின், விடை −6. மூலங்களைச் சேர்த்துப் பெருக்கும் விதி குறை எண்கள் இரண்டிற்குப் பொருந்தாது என்பதே இதன் காரணம்.

1637இல் டேக்கார்ட் இவற்றைக் 'கற்பனை' என்றார், அப்பெயர் நிலைத்துவிட்டது. ஆயினும் 1797இல் வெசெலும் 1806இல் ஆர்கானும் இவற்றுக்கு வடிவம் தந்தனர். √−1ஆல் பெருக்குதல் என்பது கால் வட்டம் திருப்புதலாம். இருமுறை திருப்பினால் கிழக்கு மேற்காகும். 1 என்பது −1 ஆகும். இதிற் கற்பனை யாது? இன்று மாறுமின்னோட்டக் கணக்கு இதனாலன்றோ எளிதாகின்றது! நம் உப்பல் சாலையில் 1961இல் தோன்றிய தேசியப் புவி இயற்பியல் ஆய்வு நிறுவனம் போன்ற இடங்களில் நில அதிர்வலைகளை ஆராய்வோர்க்கும் இவ்வெண்களே கருவி.

நம் முன்னோர் யாவற்றையும் முன்னரே கண்டனர் என்று வீண்பெருமை பேசுதல் அறிவுக்கு அழகன்று. மகாவீரர் 'இல்லை' என்றார். தாம் கண்ட எண்களின் எல்லையை ஐயமறக் காட்டினார். அவ்வெல்லைக்கு அப்பால் வேறு நிலம் உண்டெனப் பிறர் காட்டினர். இரண்டும் அறிவின் தொண்டே. பிழைப்பு நாடி இம்மண்ணுக்கு வந்த நாம், இம்மண்ணின் அறிவுச் செல்வத்தையும் நம் மக்களுக்கு உரிமையாக்குவோமாக. விடை இல்லை என்று ஆசிரியர் கூறுமிடத்து, 'ஏன் இல்லை?' என வினவும் துணிவு அவர்க்கு வாய்ப்பதாக!