ஒருவர் விடுதலையானால் மற்றவர்?

2020 டிசம்பர் 22 அன்று திருவனந்தபுரம் சி.பி.ஐ. சிறப்பு நீதிமன்றம், சகோதரி அபயா கொலை வழக்கில் பாதிரியார் ஒருவரையும் கன்னியாஸ்திரி ஒருவரையும் குற்றவாளிகள் என அறிவித்தது. அபயாவின் உடல் கோட்டயத்துக் கன்னியர் மடத்துக் கிணற்றில் கண்டெடுக்கப்பட்டது 1992 மார்ச் 27இல். அதே வழக்கில் சேர்க்கப்பட்டிருந்த இன்னொரு பாதிரியாரை, போதிய ஆதாரமில்லை என்று 2018 மார்ச்சிலேயே அந்நீதிமன்றம் விடுவித்திருந்தது. ஒருவர் வெளியேறியது எஞ்சியோருக்கு ஏன் உதவவில்லை? (2022 ஜூனில் கேரள உயர் நீதிமன்றம் தண்டனையை நிறுத்திவைத்துப் பிணை வழங்கியது தனிச்செய்தி.)

இங்குச் சொற்களே முதலில் இடறுகின்றன. மேற்கண்டது 'விடுவிப்பு', குற்றச்சாட்டு வனையப்படுவதற்கு முன்பே நிகழ்வது. 'விடுதலை' என்பது விசாரணை முடிந்து வரும் தீர்ப்பு. மலையாள நாளிதழ்கள் இதனை 'வெறுதெ விட்டு' என எழுதும். தமிழ் நாளிதழ்களிலோ குற்றமற்றவர் எனப்பட்டவரும் தண்டனை முடித்தவரும் ஒரே 'விடுதலை'தான்.

விடுதலை மற்றவரைத் தொடும் இடம் எண்ணிக்கை சார்ந்தது. சதிக்கு இருவர் வேண்டும். தோபன்தாஸ் வழக்கில் (1955) சதி செய்ததாகச் சொல்லப்பட்ட நால்வருள் மூவரின் விடுதலை நிலைபெற்றது. ஒருவர் தனியே சதி செய்ய இயலாது என்று கூறி, நான்காமவரின் சதிக்குற்றத் தீர்ப்பை உச்ச நீதிமன்றம் நீக்கியது. அடுத்த ஆண்டே பிம்பாதர் பிரதான் வழக்கில் உடன் நின்றோர் விடுதலையாகியும் சதிக்குற்றம் நிலைத்தது. அங்கே இரண்டாமவராக அப்ரூவர் இருந்தார். கிருஷ்ண கோவிந்த் பாட்டீல் வழக்கில் (1963) மூவரின் விடுதலையை உறுதிசெய்த உயர் நீதிமன்றம், அவர்களுள் ஒருவரோடோ பலரோடோ பொதுக்கருத்துக் கொண்டு கொன்றதாக நான்காமவரைத் தண்டித்திருந்தது. ஒரே தீர்ப்பு தன்னையே மறுக்கிறது என்பதை உச்ச நீதிமன்றம் சுட்டிக்காட்டியது. இங்கிலாந்து இந்த எண்கணக்கை 1977ஆம் ஆண்டுச் சட்டத்தில் பெருமளவு கைவிட்டது.

விசாரணை இரண்டாகப் பிரியும்போதுதான் உண்மையான சிக்கல். நால்வர் நீதிமன்றத்தில் நிற்கிறார்கள், ஐந்தாமவர் தலைமறைவு. சாட்சிகள் பிறழ்கிறார்கள், நால்வரும் விடுதலை. பிறகு ஐந்தாமவர் வந்து, தம் மீதான வழக்கையும் ரத்து செய்யக் கோருகிறார். கேரள உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு மூசா வழக்கில் (2006ஆம் ஆண்டுத் தீர்ப்புத் தொகுதி) இதற்கு விடையளித்தது. அப்போது நடப்பிலிருந்த சாட்சியச் சட்டத்தின் 40 முதல் 43 வரையிலான பிரிவுகளின்படி, தாம் தரப்பினராக இல்லாத வழக்கின் தீர்ப்பைத் தலைமறைவானவர் தமக்குத் தடைக்கல்லாகக் காட்ட முடியாது. அவருக்கெதிரான சாட்சியம் அவருடைய விசாரணையிலேயே எடைபோடப்படும். வழக்கின் அடித்தளமே தகர்ந்துவிட்ட அரிய நேர்வுகள் மட்டும் விலக்கு.

தர்க்கம் சரியானதே. ஆனால் பிறழ்ந்த அதே சாட்சிகளைக் கொண்டு இன்னொரு விசாரணை நடத்துவதன் பயனை அது முழுதாக எதிர்கொள்ளவில்லை. அந்த 'அடித்தளம்' எது என்பதிலேயே இன்றளவும் வாதங்கள் நடக்கின்றன.

ஒரே விசாரணையில், ஒரே சாட்சியம், ஒரே பங்கு என்றால் நிலை வேறு. 2003ஆம் ஆண்டு அகமதாபாத் கும்பல் தாக்குதல் தொடர்பான ஜாவேத் சௌகத் அலி குரேஷி வழக்கில் (2023), அப்படியிருக்க ஒருவரைத் தண்டித்து மற்றவரை விடுவிக்க முடியாது என்றது உச்ச நீதிமன்றம். மேல்முறையீடு செய்யாதிருந்தவர்களுக்கும் விடுதலையை அது தானாகவே நீட்டித்தது.