சுக்கானுக்கு இசையும் கார்

மட்டக்களப்பு வாவியில் தோணி செலுத்துவோர் நன்கறிந்த உண்மை ஒன்றுண்டு. சுமையேற்றிய பெருந்தோணி திரும்புவதற்கு நேரங்கொள்ளும். சிறுதோணியோ கையசைவுக்கு உடனே இசையும். கலத்தைத் திருப்பும் கருவிக்கும் காரைத் திருப்பும் கருவிக்கும் ஈழத்தமிழர் வழங்கும் பெயர் ஒன்றே, அது சுக்கான். 'ஸ்போர்ட்ஸ் கார்' எனத்தக்கது யாது என்னும் வினாவுக்கும் விடை அச்சுக்கானிலேயே இருக்கின்றது.

விரைந்தோடும் கார் யாவும் ஸ்போர்ட்ஸ் கார் ஆகா. போட்டித்திடலுக்கென்றே அமைந்தது பந்தயக் கார். பொதுவீதியில் ஓடத்தக்கதாய், பெரும்பாலும் இருவர் அமர்வதாய், தாழ்ந்த உடலும் குறைந்த எடையும் உடையதாய், ஓட்டுபவரின் கைக்கு இணங்குவதாய் உள்ளதே ஸ்போர்ட்ஸ் கார்.

தொடக்கத்தில் அப்பெயர் செல்வர்க்கே உரியதாயிருந்தது. 1927 முதல் 1930 வரை பிரான்சின் லெ மான் 24 மணி நேரப் போட்டியில் தொடர்ந்து வென்ற பென்ட்லி கார்கள் பேருடலும் பெருவிலையும் கொண்டவை. ஆனால் 1928இல் இங்கிலாந்தில் செசில் கிம்பர் என்பார் வேறொரு வழி கண்டார். எளிய குடும்பக் காராகிய மொறிஸ் மைனரின் 847 சி.சி. இயந்திரத்தை எடுத்து, தோணிமுனை போன்ற கூரிய பின்புறமுடைய இலேசான உடலில் பொருத்தினார். அதுவே எம்.ஜி. மிட்ஜெட். அதன் வலு 20 குதிரைவலு மட்டுமே. ஆயினும் 3,200க்கு மேற்பட்ட கார்கள் செய்யப்பட்டன. நடுத்தர வருவாயினரும் ஸ்போர்ட்ஸ் கார் ஓட்டலாயினர்.

இலங்கையிலும் இவ்வுண்மையைச் சோதிக்கும் களம் ஒன்று தோன்றிற்று. 1934இல் நுவரெலியாவை அடுத்த மகாகஸ்தோட்டையில் மலையேற்றப் போட்டி தொடங்கியது. வளைந்தேறும் பாதையில் இயந்திர வலு மட்டும் வெற்றி தராது. எப்போது வேகந்தணிப்பது, எவ்வளவு திருப்புவது, எவ்விடத்தில் மீண்டும் விரைவது என்பவற்றை ஓட்டுபவர் கணப்பொழுதில் முடிவுசெய்தல் வேண்டும்; காரும் அம்முடிவுக்குத் தாமதமின்றிப் பணிதல் வேண்டும்.

கிம்பர் காட்டிய வழி மறையவில்லை. 1989இல் ஜப்பானின் மஸ்டா நிறுவனம் வெளியிட்ட எம்.எக்ஸ்.-5 என்னும் சிறுகார் 2016இல் பத்து இலட்சத்தை எட்டியது. இன்றோ சில மின்கார்கள் ஒருசில நொடிகளில் 100 கிலோமீற்றர் வேகத்தை அடைகின்றன. மின்கலங்களால் அவற்றின் எடையும் ஏறுகின்றது. வேகத்தை விலைகொடுத்து வாங்கலாம். ஓட்டுபவரின் திறமைக்கு இடங்கொடுக்கும் காருக்கே ஸ்போர்ட்ஸ் கார் என்னும் பெயர் பொருந்தும்.