மாயா டெரன்: 275 டாலரில் ஒரு சினிமா

சினிமா எடுக்க ஸ்டூடியோ வேண்டும், ஃபைனான்சியர் வேண்டும், விநியோகஸ்தர் வேண்டும் என்பதுதான் எல்லா ஊரிலும் பேச்சு. இது எதுவுமே இல்லாமல், அதுவும் ஹாலிவுட்டிலேயே இருந்துகொண்டு படம் எடுத்தவர் மாயா டெரன்.

1917-ல் கீவ் நகரில் பிறந்தவர். 1922-ல் குடும்பம் அமெரிக்காவுக்கு வந்துவிட்டது. இலக்கியத்தில் முதுகலை படித்தார், கவிதை எழுதினார், நடனக் கலைஞர் கேதரின் டன்ஹாமிடம் செயலாளராக வேலை பார்த்தார். அந்தக் குழுவோடு லாஸ் ஏஞ்சல்ஸ் போனபோதுதான் செக் நாட்டு ஒளிப்பதிவாளர் அலெக்சாண்டர் ஹமிடைச் சந்தித்து மணந்தார். எலியனோராவாக இருந்தவர் 'மாயா' ஆனதும் ஹமிட் சொல்லித்தான். நம்ம ஊர் மாயையேதான்! அவர் எடுத்த படங்களைப் பார்த்தால் பெயர்ப் பொருத்தம் புரியும்.

1943-ல் அப்பா இறந்து கொஞ்சம் பணம் வந்தது. அதில் ஒரு பழைய 16 எம்.எம். போலெக்ஸ் கேமரா வாங்கினார். அதே வருடம் கணவரோடு சேர்ந்து எடுத்ததுதான் 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்'. 14 நிமிடம். குடியிருந்த வீடுதான் செட், நடித்ததும் அவர்களே. செலவு சுமார் 275 டாலர் என்கிறார்கள். ஒரு சாவி, ஒரு கத்தி, முகம் இருக்க வேண்டிய இடத்தில் கண்ணாடியோடு நடக்கும் கறுப்பு உருவம்... கதையைச் சொல்லச் சொன்னால் திணறிப்போவோம். ஆனால் மறக்காது.

எடுப்பதைவிட விற்பதுதான் கஷ்டம். இந்த மாதிரிப் படத்தை எந்தத் தியேட்டர் போடும்? 1946 பிப்ரவரியில் நியூயார்க்கில் ப்ராவின்ஸ்டவுன் ப்ளேஹவுஸ் என்ற நாடக அரங்கை வாடகைக்கு எடுத்துத் தன் மூன்று படங்களைத் தானே திரையிட்டார். அரங்கு நிறைந்தது! இதைப் பார்த்த உற்சாகத்தில் ஏமஸ் வோகல் அடுத்த வருடமே 'சினிமா 16' என்ற திரைப்படச் சங்கத்தைத் தொடங்கினார். மாயாவோ கல்லூரிகளுக்குப் பிரிண்டை வாடகைக்கு அனுப்பி, நேரில் போய்ப் பேசி, கட்டுரைகள் எழுதி... தயாரிப்பாளர், விநியோகஸ்தர், பி.ஆர்.ஓ. எல்லாம் அவரேதான். கணக்குப் புத்தகத்தில் லாபம் மட்டும் கடைசிவரை ஏறவில்லை.

1946-லேயே கக்கன்ஹைம் உதவித்தொகை கிடைத்தது. அடுத்த வருடம் ஹெய்ட்டிக்குப் போனார். அங்குள்ள வூடூ சடங்குகளைப் படமாக்க நினைத்தவர், சடங்குக்குள்ளேயே போய்விட்டார். 1953-ல் அதைப் பற்றிப் புத்தகம் வந்தது, படம் வரவில்லை. தன் இஷ்டத்துக்கு வெட்டி ஒட்ட அவருக்கு மனம் ஒப்பவில்லை.

1961-ல் மூளையில் ரத்தக்கசிவு ஏற்பட்டு இறந்தபோது வயது 44. பல ஆயிரம் அடி ஹெய்ட்டி ஃபிலிம் அப்படியே கிடந்தது. 1985-ல்தான் வேறு கைகள் அதைத் தொகுத்துப் படமாக்கின.